தூளுக்கு ஏது மார்ச் மாதம்?

பேரப்பிள்ளைகள் ஆடும் போக்கிமான் கோ ஆட்டத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள். பிராணியைப் பிடித்தால் நட்சத்திரத் தூள் சேரும். அதைச் செலவழித்துப் பலமேற்றலாம். பிடித்த உடனே ஏற்றிவிட வேண்டும் என்கிறான் என் பேரன். சுத்த அபத்தம்! மார்ச் கடைசியில் ஒதுக்கீடு திரும்பிவிடுமே என்று வேண்டாத நாற்காலிகளுக்கு பில் எழுதியவன் நான். இந்தத் தூளோ எந்த மார்ச்சிலும் காலாவதியாவதில்லை. அப்புறம் என்ன அவசரம்? ஆடுபவரின் நிலை 30 வரை ஏற ஏற, வழியில் அகப்படுவதே பலமாகத்தான் வரும். முதல் வாரத்துப் புறாவுக்குக் கொட்டியது கொட்டியதுதான்.

என் துணை, அவன் கேலி செய்யும் மாஜிகார்ப் மீன். (என் போனில் ஆட்டம் பிரெஞ்சில், படித்த பழக்கம் விடவில்லை.) கூட நடந்தால் 1 கிலோமீட்டருக்கு ஒரு மிட்டாய். 400 சேர்ந்தால் லெவியாத்தோர் என்னும் அரக்கனாகும். புதுச்சேரி கடற்கரைச் சாலையில் மாதக்கணக்காக நடந்தேன். ஆயிற்று. தூளை அதற்குத்தான் செலவழித்தேன், பாதியை மிச்சம் வைத்து.

போன வாரம் பேரனுக்கு நல்ல டிராகன் ஒன்று மாட்டியது. கையில் தூள் இல்லை.

"தாத்தா, உங்க தூளைக் கொஞ்சம் கொடுங்களேன்."

கொடுக்க எனக்கும் மனசுதான். ஒருவர் தூளை இன்னொருவருக்கு மாற்ற அந்த ஆட்டத்தில் வழியில்லை.