பட்டன் போடவும் லைசென்ஸ் வேணும்!

காலை ஏழு மணிக்கு ஹாஸ்டலில் என் போன் அடித்தால் இரண்டே காரணம்தான். ஒண்ணு, லேபில் அட்டெண்டன்ஸ் எடுக்க ஆரம்பிச்சாச்சுன்னு ரூம்மேட் அலறுவான். இல்லைன்னா டெக்ஸாஸ் அக்கா. 2025 ஆகஸ்ட் 5-ம் தேதி அடிச்சது அக்கா. அங்கே அப்போ முந்தின நாள் ராத்திரி எட்டரை மணி.

"டேய்... என் லைசென்ஸ் எக்ஸ்பயர் ஆயிடுச்சுடா."

நான் தூக்கக் கலக்கத்தில், "அதுக்கென்னக்கா, மாமாவை கார் ஓட்டச் சொல்லு"ன்னேன். அந்தப் பக்கம் பத்து செகண்டு சத்தமே இல்லை. அப்புறம்தான் அக்கா அழுதுகிட்டு இருக்கான்னு உறைச்சது.

எக்ஸ்பயர் ஆனது டிரைவிங் லைசென்ஸ் இல்லை மக்களே, அக்காவோட வேலைக்கான லைசென்ஸ். அக்கா ஓர் ஆக்குபேஷனல் தெரபிஸ்ட். சுருக்கமா ஓ.டி. இந்த ரெண்டெழுத்தால எங்க வீட்டில் நடந்த கூத்து கொஞ்சநஞ்சமில்லை. பெரியப்பா இன்னிக்கும் சொந்தக்காரங்ககிட்ட, "எம்பொண்ணு அமெரிக்காவுல ஆபரேஷன் தியேட்டர்ல இருக்குது"ன்னுதான் சொல்லிட்டு இருக்கார். அக்குபங்சர்னு நினைச்சு முதுகுவலிக்கு ஊசி குத்தச் சொன்ன அத்தையும் உண்டு.

நிஜத்தில் அவ வேலை என்ன? பக்கவாதம் வந்து ஒரு கை விழுந்துபோன தாத்தா, மறுபடி தானே சட்டை பட்டன் போடணும். ஆட்டிஸம் உள்ள குழந்தை தானே பல் தேய்க்கணும், பென்சில் பிடிக்கணும், பஸ் சத்தத்துக்குப் பயப்படாம ஸ்கூல் போகணும். விபத்துல விரல் நரம்பு அறுந்தவர் மறுபடி ஸ்பேனர் பிடிக்கணும். பிசியோதெரபி உங்களை நடக்க வைக்கும்னா, நடந்துபோய் அங்கே உங்க வேலையை நீங்களே செய்ய வைக்கிறது ஓ.டி. (இந்த விளக்கம் என்னோடது. அக்கா படிச்சா ரெண்டு திருத்தம் போடுவா. விடுங்க.)

பட்டன் போடச் சொல்லித் தர்றதுக்கு லைசென்ஸா? நானும் அப்படித்தான் நக்கல் அடிச்சேன். அந்த லைசென்ஸுக்காக அக்கா பட்ட பாட்டைக் கேட்டதும் நக்கல் நின்னு போச்சு.

கோவையில பி.ஓ.டி. இன்டர்ன்ஷிப்பையும் சேர்த்து நாலரை வருஷம். சென்னையில எம்.ஓ.டி. ரெண்டு வருஷம். அப்புறம் கல்யாணம், மாமாவோட டிபெண்டன்ட் விசாவில் டல்லாஸ் பக்கத்துல ஒரு ஊர். கையில ரெண்டு டிகிரி, ஆனா ஒரு குழந்தைக்கு ஷூ லேஸ் கட்டச் சொல்லித்தரக்கூட அனுமதி கிடையாது. ஏன்னா அமெரிக்காவில் இதுக்கு ஒரே லைசென்ஸ் இல்லை. ஒவ்வொரு மாநிலத்துக்கும் ஒரு போர்டு, ஒவ்வொரு போர்டுக்கும் ஒரு சட்டம். கலிஃபோர்னியா லைசென்ஸ் கொடுக்க ஆரம்பிச்சதே 2003-லதான். நியூயார்க்கில் லைசென்ஸ் ஆயுசுக்கும் செல்லும், ஆனா வேலை பார்க்கணும்னா மூணு வருஷத்துக்கு ஒருமுறை பதிவைப் புதுப்பிக்கணும். டெக்ஸாஸில் ரெண்டு வருஷம். நம்ம ஊர் கணக்குல சொன்னா, தமிழ்நாட்டு லைசென்ஸை வெச்சுகிட்டு பாலக்காட்டுல பட்டன் போட முடியாது!

எல்லா மாநிலத்துக்கும் பொதுவா இருக்கிறது ஒரு தேர்வு. என்.பி.சி.ஓ.டி.ன்னு ஒரு தேசிய அமைப்பு நடத்துது. வெளிநாட்டில் படிச்சவங்க அதை எழுதறதுக்கு முன்னாடி, உங்க படிப்பு எங்க படிப்புக்குச் சமமான்னு ஒரு தனி ஆய்வு உண்டு. அமெரிக்காவில் 2007-லிருந்து புதுசா ஓ.டி. ஆகறவங்களுக்கு முதுகலைப் படிப்பு கட்டாயம் ஆயிடுச்சு. அதனால நம்ம ஊர் பி.ஓ.டி.யை மட்டும் தூக்கிட்டுப் போறவங்க வாசலிலேயே நிக்க வேண்டியதுதான். அக்கா எம்.ஓ.டி. முடிச்சிருந்ததால தப்பிச்சா. அதுக்கும் சிலபஸ், மார்க் ஷீட், எந்த ஆஸ்பத்திரியில் எத்தனை மணி நேரம் பயிற்சி எடுத்தான்னு கையெழுத்து வாங்கின பேப்பர்... எல்லாம் காலேஜிலிருந்து நேரா போகணும். இங்கே காலேஜ் ஆபீஸுக்கு நடையா நடந்து கவர் ஒட்டினது யாருன்னு நினைக்கிறீங்க? சாட்சாத் அடியேன்தான். அப்போ நான் ஸ்கூல் யூனிஃபார்ம்ல போவேன். "யாருக்குப்பா ஓ.டி.?"ன்னு கிளார்க் கேட்பார். ஆபரேஷன் தியேட்டர்னு அவரும் நினைச்சாரோ என்னவோ.

தேர்வு நாலு மணி நேரம். 300-லிருந்து 600 வரைக்கும் ஒரு அளவுகோல், 450 வந்தா பாஸ். அக்கா முதல் தடவை 441. நம்ம யுனிவர்சிட்டியில 41 எடுத்துட்டு ரீவேல்யூவேஷன் போடுவோமே, அந்த வலியேதான். ஆனா இங்கே மறுபடி கட்டணும்னா 500 டாலருக்கு மேல. ரெண்டாவது தடவை பாஸ்.

பாஸ் ஆனதும் பால் பாயசம் வெச்சாங்க பெரியம்மா. அவசரப்பட்டுட்டாங்க. ஒரு க்ளினிக் வேலை தரத் தயார், ஹெச்-1பி விசா போடவும் தயார். ஆனா இது லைசென்ஸ் தேவைப்படற வேலை, அதனால விசா ஆபீஸ் லைசென்ஸைக் காட்டுன்னு கேட்கும். லைசென்ஸ் கேட்டா சோஷியல் செக்யூரிட்டி நம்பர் எங்கேன்னு கேட்பாங்க. அந்த நம்பர் வேணும்னா வேலை செய்யற விசா வேணும். விசா வேணும்னா? லைசென்ஸ்! கல்யாணம் ஆனாத்தான் பைத்தியம் தெளியும், பைத்தியம் தெளிஞ்சாத்தான் கல்யாணம் ஆகும்னு சொல்வாங்களே, அந்தக் கதை. இதுக்கு விசா சட்டத்திலேயே ஒரு சந்து விட்டிருக்காங்க. மத்த தகுதி எல்லாம் இருந்து, இந்த நம்பர் ஒண்ணுக்காக மட்டும் லைசென்ஸ் நிக்குதுன்னா, ஒரு வருஷத்துக்கு மட்டும் விசா கொடுக்கலாம். அந்தச் சந்தில்தான் அக்கா நுழைஞ்சா.

இப்படி வாங்கின லைசென்ஸைத்தான் கோட்டை விட்டா.

டெக்ஸாஸில் உங்க பிறந்த மாசத்தின் கடைசி நாளோடு லைசென்ஸ் முடியும். அக்காவுக்கு ஜூலை 31. அதுக்குள்ள 24 மணி நேரம் புதுப் படிப்பு முடிச்சிருக்கணும். கூடவே அந்த மாநில ஓ.டி. சட்டத்தைப் பத்தி ஆன்லைனில் ஒரு தேர்வு. மனிதக் கடத்தலுக்கு ஆளானவங்களை அடையாளம் கண்டுபிடிக்க ஒரு பயிற்சியும் உண்டு. அது எதுக்குன்னு எனக்கு முதல்ல புரியலை. அடிபட்டு வர்றவங்களைத் தனியா, பக்கத்துல உட்கார்ந்து பார்க்கறது இவங்கதானேன்னு அக்கா சொன்ன பிறகு புரிஞ்சது. இதெல்லாம் போக, தேசிய சர்டிஃபிகேட்டைத் தக்க வெச்சுக்க மூணு வருஷத்துக்கு 36 யூனிட். அது வேற கணக்கு, வேற தேதி. ரெண்டையும் ஒண்ணுன்னு நினைச்சு ஏமாறுறவங்க உண்டாம். எங்க அக்காவும் அதில் ஒருத்தி. மார்ச்சில் தேசிய சர்டிஃபிகேட்டைப் புதுப்பிச்சுட்டு, "அப்பாடா, இந்த வருஷ வேலை முடிஞ்சுது"ன்னு இருந்துட்டா.

போர்டு நினைவுபடுத்தாதான்னு கேட்கறீங்களா? மே மாசம் வீடு மாறினாங்க. முகவரி மாறினா 30 நாளுக்குள் சொல்லணும்னு விதி. சொல்லலை. அதனால தபால் பழைய வீட்டுக்குப் போச்சு. அதுல யார் மேலயும் பழி போட முடியாது, தப்பு முழுக்க இவளோடது. அவளே அதைத்தான் முதலில் சொன்னா.

ஜூலை 31 வியாழன். வெள்ளிக்கிழமை வழக்கம்போல க்ளினிக் போய் ஆறு குழந்தைகளைப் பார்த்திருக்கா. திங்கள்கிழமை மானேஜர் எல்லோருடைய லைசென்ஸையும் சரிபார்க்கும்போது இவ பெயருக்கு நேரா 'எக்ஸ்பயர்டு'. அந்த நிமிஷமே நிறுத்திட்டாங்க. குழந்தைகள் பக்கம் போகக் கூடாது. ஸ்டோர் ரூமில் பொம்மை அடுக்கலாம், அவ்வளவுதான். வெள்ளிக்கிழமை பார்த்த ஆறு பேருக்கும் பில் போட முடியாது. லைசென்ஸ் இல்லாம ஒரு நாள் வேலை பார்த்ததை போர்டுக்கு எழுதித் தெரிவிக்கணும்.

"வேலையை விட்டுத் தூக்கிட்டாங்கன்னா 60 நாள்தான்டா. அதுக்குள்ள வேற வேலை கிடைக்கலைன்னா விசா போச்சு. மாமா விசாவுல திரும்பத் தொத்திக்கலாம். ஆனா மறுபடியும் முதல்லேர்ந்து..." முடிக்கலை.

அன்னிக்கு ராத்திரி மணிக் கணக்கைப் பார்த்தா 19 இருந்துச்சு. அஞ்சு மணி நேரம் குறையுது. ராத்திரியோட ராத்திரியா ஆன்லைனில் உட்கார்ந்து படிச்சா. நான் இங்கே சர்க்யூட்ஸ் க்ளாஸ் கடைசி பெஞ்சில் இருந்துகிட்டே, "எத்தனை முடிஞ்சது?"ன்னு மெசேஜ் போட்டுட்டு இருந்தேன். நம்ம செமஸ்டருக்கு முந்தின நைட் மாதிரியேதான். வித்தியாசம், நமக்கு அரியர் இருக்கு. அவளுக்கு அது இல்லை. சட்டத் தேர்வு எழுதி, அபராதத்தோடு பணம் கட்டி, பத்தாம் நாள் லைசென்ஸ் திரும்ப உயிர் பெற்றது.

ஒரு நாள் லேட்டுக்கு இவ்வளவா? எனக்குச் செம கோபம். "ஜூலை 31 ராத்திரி பதினொன்னே முக்காலுக்கு உனக்கு வேலை தெரியும், பன்னிரண்டு மணிக்கு மறந்துடுமாக்கா?"ன்னு கேட்டேன்.

அவ சண்டைக்கு வரலை. அந்த ஆறு பேரில் ஒரு நாலு வயசுப் பையன் இருக்கானாம். முழுங்கறதில் பிரச்னை. எந்தச் சாப்பாட்டை எவ்வளவு கெட்டியா, எந்தப் பக்கம் சாய்ச்சு உட்காரவெச்சு ஊட்டணும்னு பார்க்கறதும் ஓ.டி. வேலைதான். தப்பாச் செஞ்சா சாப்பாடு நுரையீரலுக்குப் போயிடும். "அந்தம்மா என்னை நம்பி அவனைக் கொடுக்குறா. என் பெயரைத் தட்டிப் பார்த்தா 'இவ படிச்சவ, இன்னிக்கும் படிக்கறா'ன்னு அவளுக்குத் தெரியணும். அவ்வளவுதான்டா லைசென்ஸ்"னா.

அப்புறம் அவ கேட்ட கேள்விதான் என்னை இந்த வாரம் எழுத வெச்சது. "நம்ம வீட்டுக்கு எதிர் வீட்டுக் குட்டி எப்படி இருக்கா?"

எதிர் வீட்டுக் குட்டிக்கு ஆட்டிஸம். பக்கத்துத் தெருவில் 'தெரபி சென்டர்'னு பளபளன்னு போர்டு போட்ட ஓர் இடத்துக்கு ஒன்றரை வருஷம் போனா. தெரபிஸ்டுன்னு சொன்னவங்க மூணு மாச கோர்ஸ் முடிச்சவங்கன்னு அப்புறம்தான் தெரிஞ்சது. பணம் போனது போகட்டும். அந்த ஒன்றரை வருஷத்தை எந்த போர்டு திருப்பித் தரும்? அவங்கம்மா, "சுவத்துல சர்டிஃபிகேட் மாட்டியிருந்தாங்களே கண்ணு"ன்னு என்கிட்ட சொன்னாங்க. அதைச் சரிபார்க்க அவங்களுக்கு ஒரு வழி தெரியலை. எனக்கும்தான் தெரியலை, இத்தனைக்கும் அக்கா அதே படிப்பு!

நம்ம நாட்டில் ஓ.டி. ஒண்ணும் நேத்து வந்த படிப்பு இல்லை. மும்பை கே.இ.எம். ஆஸ்பத்திரியில் 1950-லேயே பள்ளி ஆரம்பிச்சாங்க, கமலா நிம்ப்கர்னு அமெரிக்காவில் பிறந்து இங்கே மருமகளா வந்தவங்க. டெல்லி 1997-லயும் மகாராஷ்டிரா 2002-லயும் தனிச் சட்டம் போட்டு கவுன்சில் வெச்சாங்க. நாடு முழுக்கன்னு ஒரு சட்டம் வர 2021 ஆச்சு. தேசிய ஆணையம், மாநிலத்துக்கு ஒரு கவுன்சில், பெயர்ப் பதிவேடு எல்லாம் அதில் உண்டு. சட்டம் வந்ததுக்கும் எதிர் வீட்டம்மா போனில் ஒரு பெயரைத் தட்டிப் பார்க்கறதுக்கும் நடுவில்தான் அந்தக் குட்டி மாதிரி பிள்ளைகள் இருக்காங்க.

ஓ.டி. படிக்கிற ஃப்ரெண்ட்ஸ் யாராவது இதைப் படிச்சா, அக்கா சொல்லச் சொன்ன விஷயம் ஒண்ணு. அமெரிக்கா போறீங்களோ இல்லையோ, ஃபைனல் இயரிலேயே சிலபஸையும் பயிற்சி மணிக் கணக்கையும் சீல் வெச்சு வாங்கி வெச்சுக்குங்க. பத்து வருஷம் கழிச்சுத் தேடினா கையெழுத்துப் போட்ட மேடம் ரிட்டயர் ஆகியிருப்பாங்க. அங்கேயே மாநிலம் மாறி மாறிப் போறவங்களுக்கு ஒரு நல்ல சேதி: பல மாநிலங்கள் சேர்ந்து ஓர் ஒப்பந்தம் போட்டிருக்காங்க. 2022-ல் பத்தாவது மாநிலம் சேர்ந்ததும் அது சட்டப்படி உயிர் பெற்றது. அதில் சேர்ந்த மாநிலங்களுக்குள்ள, ஒண்ணில் லைசென்ஸ் இருந்தா இன்னொண்ணில் வேலை பார்க்க அனுமதி வாங்கிக்கலாம்கிறதுதான் திட்டம்.

அக்கா இப்போ பழையபடி வேலை பார்க்கறா. நாலு வயசு ஹீரோ மசிச்ச உருளைக்கிழங்கு வரைக்கும் வந்துட்டானாம். ஆகஸ்ட் 1-ம் தேதி பற்றி எழுதிய கடிதத்துக்குப் பதில் வந்துடுச்சான்னு ஒவ்வொரு ஞாயிறும் கேட்கறேன். "வரலைடா"ங்கறா. புது முகவரி கொடுத்தியான்னு அடுத்த கேள்வி கேட்டா திட்டு விழுது. லைசென்ஸ் அடுத்து முடியறது 2027 ஜூலை 31. என் போனில் அலாரம் வெச்சாச்சு. பெரியப்பா சமையலறை காலண்டருக்குப் பக்கத்தில் ஒரு சீட்டு ஒட்டியிருக்கார்: 'பாப்பா ஆபரேஷன் தியேட்டர் லைசென்ஸ், ஜூன்லயே ஞாபகப்படுத்தவும்.'