உள்வாடகைச் சுருக்கு: செஞ்சி வாடகைக் கடைக்காரர்களுக்கு ஓர் அறைகூவல்

தோழர்களே! காந்தி பஜாரிலும், திண்டிவனம், திருவண்ணாமலை, விழுப்புரம் சாலைகளிலும் வாடகைக் கடையில் பிழைக்கும் உழைப்பாளிகளே!

2025 ஜூலை 11 அன்று நம் கோட்டை யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் ஏறியது. சேர்க்கப்பட்ட 12 மராட்டியர் காலக் கோட்டைகளில் தமிழ்நாட்டில் இருப்பது இது ஒன்றுதான். பெருமைதான். ஆனால் கோட்டைக்கு மவுசு கூடினால் கடைவீதியின் ஒவ்வொரு சதுர அடிக்கும் மவுசு கூடும். இரட்டை வாடகை தர ஆள் வந்து நிற்கும் நாளில், உரிமையாளர் நம்மைக் கிளப்ப வழி தேடுவார். அடியாள் வேண்டாம். “உள்வாடகைக்கு விட்டுட்டான்” என்ற ஒரு வரி போதும்.

எழுத்தில் சம்மதம் வாங்காமல் உள்வாடகைக்கு விட்டால் காலி செய்ய வைக்கலாம் என்று 1960-ஆம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டமே சொன்னது. அதை நீக்கிவிட்டு, 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறைக்கு வந்த 2017-ஆம் ஆண்டுச் சட்டமும் அதையே சொல்கிறது. அதன் 7-ஆம் பிரிவு உள்வாடகையைத் தடுக்கிறது. 21-ஆம் பிரிவு அதற்காக வெளியேற்ற வழி தருகிறது. எழுத்து ஒப்பந்தமே போடவில்லை என்றால் அதுவும் வெளியேற்றக் காரணம். வாய்ப்பேச்சை நம்பி இருபது வருடம் கடை நடத்துகிறவர்களே, இதை இரண்டு முறை படியுங்கள்!

எது உள்வாடகை? கடையில் மச்சான் உட்கார்ந்திருப்பதாலேயே அது உள்வாடகை ஆகிவிடாது. சாவி யார் கையில், கல்லா யார் கணக்கில், இடம் முழுக்க யார் வசம் என்றுதான் நீதிமன்றம் பார்க்கும். இடம் வேறொருவர் வசம் முழுதாகப் போய்விட்டதை உரிமையாளர் காட்டிவிட்டால், விளக்கம் சொல்லும் பொறுப்பு நம் தலையில் விழும். உண்மையான கூட்டுத்தொழில் உள்வாடகை அல்ல. பெயருக்கு எழுதிய கூட்டுப் பத்திரம் நம்மைக் காப்பாற்றாது. உச்ச நீதிமன்றம் இதைப் பல வழக்குகளில் சொல்லிவிட்டது.

இன்னொன்றையும் மறைக்காமல் பேசுவோம். ஐயாயிரத்துக்குப் பிடித்த கடையைப் பன்னிரண்டாயிரத்துக்கு விட்டு, வேர்வை சிந்தாமல் வித்தியாசத்தை விழுங்குகிறவர் நம்மிடையே இருந்தால், அவர் தோழர் அல்ல, தரகர். உள்ளாட்சிக் கடையை ஏலம் எடுத்து அடுத்தவருக்குக் கைமாற்றுகிறவரும் அப்படித்தான். அவருக்காகக் கொடி பிடிக்க மாட்டோம். ஆனால் அவரிடம் அட்வான்ஸ் கொடுத்துவிட்டு, எந்தத் தாளிலும் பெயரில்லாமல் மிஷின் மிதிக்கும் தையல்காரர் நம் தோழர். வெளியேற்ற உத்தரவு வந்தால் முதலில் தெருவுக்கு வருவது அவர். அவரை விட்டுவிட்டு நமக்கு வெற்றி கிடையாது.

எனவே, இன்றே செய்ய வேண்டியவை:

ஒப்பந்தத்தை எழுத்தில் போடுங்கள், பதிவு செய்யுங்கள். யாருக்காவது இடம் பகிர்ந்திருந்தால் உரிமையாளரின் கையெழுத்தோடு அதையும் எழுதுங்கள். வாடகைக்கு ரசீது இல்லாமல் ஒரு மாதமும் விடாதீர்கள். உரிமையாளர் வாடகையை வாங்க மறுத்தால் மணியார்டரில் அனுப்புங்கள். அதுவும் திரும்பினால் வாடகை அதிகாரியிடம் கட்ட வழி இருக்கிறது. இரண்டு மாத பாக்கி உரிமையாளர் கைக்குக் கிடைக்கும் இன்னொரு ஆயுதம். கரண்டையோ தண்ணீரையோ நிறுத்தினால் பயப்படாதீர்கள்: 2017 சட்டத்தின் 20-ஆம் பிரிவு அதைத் தடை செய்கிறது. புகார் எழுதுங்கள், தனியாக அல்ல, பத்துப் பேராக!

தனியாகப் போனவன் கதை நம் ஊருக்குத் தெரியாததா? 1714-ல் ஆற்காட்டு நவாப் சாதத்துல்லா கான் செஞ்சியை ஆண்ட தேசிங்கு ராஜன் மேல் படையெடுத்து வந்தபோதும் பேச்சு பாக்கியையும், அப்பனுக்குப் பின் மகனுக்கு உரிமை உண்டா என்பதையும் பற்றியதுதான். தேசிங்குக்கு வீரம் குறையவில்லை, ஆள் பலம்தான் இல்லை. நம்மிடம் ஆள் இருக்கிறது.

வெள்ளிக்கிழமை சந்தை கலைந்ததும் கூடுவோம். ஒவ்வொருவரும் தன் ஒப்பந்தத்தையும் ரசீதையும் எடுத்து வரட்டும். தாள் இல்லாதவர் கட்டாயம் வரட்டும். உள்வாடகைத் தோழர்கள் முன்வரிசையில் உட்காரட்டும். நமது கோரிக்கைகள் மூன்று: எல்லாக் கடைக்கும் எழுத்து ஒப்பந்தம்! உண்மையில் உழைப்பவர் பெயரில் நேரடி வாடகை! விசாரணை முடியாமல் ஒரு பூட்டும் விழக்கூடாது!

கடைக்குக் கடை சொல்லுங்கள், தோழர்களே. நோட்டீஸ் வந்த பிறகு கூடுவது தாமதம். இப்போதே கூடுவோம்!