மதிப்பில்லாத மதிப்பூதியம்

கர்நாடகத்தில் அங்கன்வாடிப் பெண்கள் தெருவுக்கு வராமல் அவர்களுக்கு எதுவும் கிடைத்ததில்லை. 2017 மார்ச்சில் மாநிலத்தின் பல மாவட்டங்களிலிருந்தும் ஆயிரக்கணக்கானோர் பெங்களூருக்குத் திரண்டு வந்து, நகரின் நடுவே நான்கு நாள்கள் சாலையிலேயே படுத்துறங்கினர். அடுத்த மாதம் அவர்களது மதிப்பூதியம் 8,000 ரூபாயாக உயர்ந்தது. 2023 ஜனவரியில், பணிக்கொடை கேட்டுச் சுதந்திரப் பூங்காவில் மீண்டும் கூடினர். அந்த ஆண்டு நடந்த சட்டப்பேரவைத் தேர்தலில் மாதம் 15,000 ரூபாய் தருவதாகக் காங்கிரஸ் வாக்களித்தது, ஆட்சியையும் பிடித்தது. இரண்டு ஆண்டுகள் கழித்து, 2025 மார்ச் மாத நிதிநிலை அறிக்கையில் பணியாளருக்கு 1,000 ரூபாயும் உதவியாளருக்கு 750 ரூபாயும் கூட்டப்பட்டன.

தொகை சிறிது என்பதைவிட, அதற்குச் சூட்டப்பட்டுள்ள பெயரே பெரிய கேடு. 1975 அக்டோபர் 2-ஆம் தேதி 33 வட்டாரங்களில் ஒருங்கிணைந்த குழந்தைகள் வளர்ச்சித் திட்டம் தொடங்கப்பட்டபோது (மைசூர் மாவட்டத்து திருமக்கூடல் நரசிபுரமும் அவற்றுள் ஒன்று), உள்ளூர்ப் பெண்கள் சில மணி நேரம் ஆற்றும் தொண்டாகவே இது கருதப்பட்டது. தொண்டுக்கு ஊதியம் இல்லை; மதிப்பூதியம்தான். அரை நூற்றாண்டில் பணி எப்படியெல்லாமோ வளர்ந்துவிட்டது. குழந்தையின் எடை பார்ப்பது, மூன்று வயது முதல் ஆறு வயது வரையிலானோருக்கு முன்பருவக் கல்வி, தடுப்பூசிக்குத் தாய்மாரை அழைத்து வருவது, வீடு வீடாகச் செல்வது, 2017 முதல் கர்நாடகத்தில் கர்ப்பிணிகளுக்கு மதிய உணவு பரிமாறுவது, அத்தனையையும் கைப்பேசிச் செயலியில் பதிவேற்றுவது. தேர்தல் வந்தால் வாக்காளர் பட்டியலும் இவர்கள் தலையில்தான். பெயர் மட்டும் மாறவில்லை.

பெயர் மாறாததன் விலை என்னவென்பதை 2006 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அமீர்பி வழக்கில் அளித்த தீர்ப்பு காட்டியது. வழக்கில் எதிர்நின்றது கர்நாடக அரசேதான். இவர்கள் சட்டப்படி உருவாக்கப்பட்ட பதவியை வகிக்கவில்லை, அரசு ஊழியருக்கான நியமன விதிகள் இவர்களுக்குப் பொருந்தாது, இவர்கள் தேர்தலில்கூடப் போட்டியிடலாம். எனவே இவர்களுடையது அரசுப் பதவி அல்ல என்று முடிவானது. நிர்வாகத் தீர்ப்பாயத்தின் கதவு அதோடு அடைபட்டது. நியமன விதிகளை வகுக்காமல் விட்டவர் யார்? அந்த அரசே, விதிகள் இல்லை என்பதையே தன் தரப்பு வாதமாக்கிக் கொண்டதை என்னவென்பது!

நீதிமன்றத்தின் பார்வை மாறப் பதினைந்து ஆண்டுகளுக்கு மேலாயிற்று. 2022 ஏப்ரலில் குஜராத்தைச் சேர்ந்த பணியாளர்களின் வழக்கில், 2013-ஆம் ஆண்டின் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டம் வந்தபின் அங்கன்வாடிகள் ஆற்றுவது சட்டம் விதித்த கடமை என்றும், மதிப்பூதியம் என்று அழைத்தாலும் பணிக்கொடைச் சட்டத்தின்படி அது ஊதியமே என்றும் உச்ச நீதிமன்றம் கூறியது. பணிக்கொடை தர முன்வந்த கர்நாடக அரசு, 2023 ஏப்ரல் 1-க்குப் பின் ஓய்வு பெறுவோருக்கே அது என்று முதலில் கோடு கிழித்தது. முப்பது ஆண்டுகள் உழைத்து அதற்கு முந்தைய மாதம் வீடு திரும்பியவர் என்ன பாவம் செய்தார்?

கிடைப்பவருக்கும் பெரிதாக ஒன்றுமில்லை. பணியாற்றிய ஆண்டு ஒன்றுக்குப் பதினைந்து நாள் ஊதியம் என்பது சட்டத்தின் கணக்கு. கடைசி மாத ஊதியம் 10,000 ரூபாயாக இருந்தால், முப்பது ஆண்டு உழைப்புக்கு வருவது சுமார் 1 லட்சத்து 73 ஆயிரம் ரூபாய். ஊதியம் குறைவாக உள்ளவரை பணிக்கொடையும் குறைவாகவே இருக்கும்.

மாநில அரசை மட்டும் குறை கூறி விட்டுவிட முடியாது. இது மத்திய அரசின் திட்டம். 2018 அக்டோபரில் பணியாளரின் மதிப்பூதியம் 3,000 ரூபாயிலிருந்து 4,500 ஆகவும், உதவியாளருக்கு 1,500-லிருந்து 2,250 ஆகவும் உயர்த்தப்பட்டன. பெரும்பாலான மாநிலங்களில் அதிலும் நூற்றுக்கு அறுபது பங்குதான் தில்லியுடையது. அதன்பின் ஏழு ஆண்டுகளாக அத்தொகையைத் தில்லி தொடவில்லை. இத்தகைய திட்டப் பணியாளர்களைத் தொழிலாளர்களாக ஏற்று, குறைந்தபட்ச ஊதியமும் சமூகப் பாதுகாப்பும் அளிக்க வேண்டும் என்று அரசு, முதலாளிகள், தொழிற்சங்கங்கள் மூன்று தரப்பும் அமர்ந்த இந்தியத் தொழிலாளர் மாநாடு 2013-லேயே பரிந்துரைத்தது. ஆட்சிகள் மாறின, பரிந்துரை கோப்பில் கிடக்கிறது.

தமிழ்நாட்டில் அங்கன்வாடி ஊழியருக்குச் சிறப்புக் காலமுறை ஊதியம் வழங்கப்படுகிறது. அது முழுமையான காலமுறை ஊதியம் அல்ல என்பதற்காக அங்கும் போராட்டம் நடக்கிறது என்றாலும், மதிப்பூதியம் என்ற சொல்லைத் தாண்டி ஒரு மாநில அரசால் நடக்க முடியும் என்பதற்கு அது சான்று. கர்நாடகத்துக்கும் அந்த வழி திறந்தே இருக்கிறது. நியமன விதிகளையும் ஊதிய விகிதத்தையும் மாநில அரசு வகுக்க வேண்டும். அதற்கான செலவில் தன் பங்கை மத்திய அரசு 2018-ஆம் ஆண்டுத் தொகையை வைத்துக் கணக்கிடாமல், இன்றைய குறைந்தபட்ச ஊதியத்தை வைத்துக் கணக்கிட்டுத் தர வேண்டும்.