‘கட்டியதை இடிக்கமாட்டார்கள்’ என்னும் மூடநம்பிக்கை

காப்புக்காட்டிலோ சரணாலயத்திலோ நீதிமன்றத் தடையை மீறிக் கட்டடம் எழுப்பினாலும், கூரை போட்டுக் குடியேறிவிட்டால் அதை யாரும் இடிக்கமாட்டார்கள் என்பதும், மிஞ்சிப்போனால் ஒரு மன்னிப்புக் கடிதம் கொடுத்துச் சிறு அபராதமும் கட்டி வழக்கை முடித்துக்கொள்ளலாம் என்பதும், மலையும் நகரமும் உரசி நிற்கும் ஊர்களில் எல்லாம் வேரூன்றிவிட்ட நம்பிக்கையாகும். சேஷாசலத்தின் அடிவாரத்தில் பெருகிவரும் திருப்பதிக்கும், யானைகள் நடமாடும் கவுண்டின்யா சரணாலயத்தைக் கொண்ட சித்தூர் மாவட்டத்துக்கும் இந்த நம்பிக்கை மிக ஆபத்தானது. சட்டத்தின்படியும் அது பிழையானது.

அதன் வேர், ‘நீதிமன்ற அவமதிப்பு’ என்ற சொல்லைத் தவறாகப் புரிந்துகொண்டதில் இருக்கிறது. அவமதிப்பு என்றதும் நீதிபதியை இழிவாகப் பேசுவது என்றே பலரும் எண்ணுகின்றனர். அது குற்றவியல் அவமதிப்பின் ஒரு கூறு மட்டுமே. 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், ஆணையையோ நீதிமன்றத்துக்கு அளித்த உறுதிமொழியையோ வேண்டுமென்றே மீறுவதை உரிமையியல் அவமதிப்பு எனத் தனியே வரையறுக்கிறது. இங்கே காக்கப்படுவது நீதிபதியின் மானம் அன்று. தீர்ப்பு வரும்வரை வழக்குப்பொருள் அழியாதிருக்க வேண்டும் என்ற ஏற்பாடே காக்கப்படுகிறது. காட்டு வழக்கில் மரமும் மண்ணுமே வழக்குப்பொருள் என்பதால், தடைக்காலத்தில் அவை போய்விட்டால் தீர்ப்பளிப்பதற்கே எதுவும் மிஞ்சாது.

அச்சட்டத்தின் உச்சத் தண்டனை ஆறு மாத வெறுங்காவலும் 2,000 ரூபாய் அபராதமும்தான் என்பதைக் கண்டு, கோடிகளில் கட்டுவோர் அதைக் கட்டுமானச் செலவில் ஒரு சில்லறையாகக் கணக்கிடுகின்றனர். ஆனால் அவமதித்தவர் அவமதிப்பின் பலனை அனுபவிக்க விடக்கூடாது என்று, தில்லி வளர்ச்சிக் குழுமம் தொடர்பான ஸ்கிப்பர் கட்டுமான வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996-இலேயே கூறிவிட்டது. தடையை மீறி எழுந்த சுவர்தான் அந்தப் பலன் என்றால், அபராதம் கட்டிய பின்னும் அதை வைத்துக்கொள்ள வழியில்லை.

இது ஏட்டுச் சட்டம் மட்டுமன்று. கூடலூர்க் காடுகளை முன்வைத்துத் தொடங்கிய கோதவர்மன் திருமுல்பாடு வழக்கின் ஆணையை மீறி மரம் அறுக்கும் ஆலைகள் இயங்க இடமளித்ததற்காக, மகாராஷ்டிர அமைச்சர் சுவரூப் சிங் நாயக்குக்கும் ஒரு முதன்மைச் செயலருக்கும் 2006-இல் ஒரு மாதச் சிறை விதிக்கப்பட்டது. ஆரவல்லி மலையில், வனமாகக் கருதவேண்டிய நிலத்தில் எழுந்த காந்த் என்கிளேவ் குடியிருப்பை இடிக்கவும், மனை வாங்கியவர்களுக்கு 18 விழுக்காடு வட்டியுடன் பணத்தைத் திருப்பித் தரவும் 2018-இல் உத்தரவு வந்தது. நீலகிரி யானை வழித்தடத்தில் விடுதி கட்டியவர்களின் வாதமும் 2020 அக்டோபரில் உச்ச நீதிமன்றத்தில் தோற்றது.

ஆயினும் இந்த நம்பிக்கைக்குத் தீனி போட்டதில் நீதிமன்றங்களுக்கும் பங்குண்டு. தில்லி ரிட்ஜ் காட்டில் அனுமதியின்றிச் சாலைக்காக மரங்களை வெட்டியதும் அதை மறைத்ததும் அவமதிப்பே என 2025 மே மாதத்தில் முடிவு செய்த உச்ச நீதிமன்றம், அச்சாலை துணை இராணுவத்தினரின் மருத்துவமனைக்கானது என்பதைக் கருதி, அதிகாரிகளுக்குத் தலா 25,000 ரூபாய் விதிப்பதோடும் மாற்றுக் காடு வளர்க்கச் சொல்வதோடும் நின்றுகொண்டது. இத்தகைய சலுகையைத்தான் மீறுவோர் முன்னுதாரணமாகப் பிடித்துக்கொள்கின்றனர்.

மாற்றுக் காடு என்ற ஆறுதல் சேஷாசலத்தில் செல்லாது. 1989-இல் அறிவிக்கப்பட்டு, ஏறத்தாழ 353 சதுர கிலோமீட்டர் பரவியுள்ள ஸ்ரீ வெங்கடேசுவரா தேசியப் பூங்காவின் பாறைச் சரிவுகளில் சைகஸ் பெட்டோமி என்ற செடி வளர்கிறது. பனையைப் போல உச்சியில் ஓலை விரிக்கும் இச்செடி, இம்மலைத்தொடரையும் அதை ஒட்டிய குன்றுகளையும் தவிர வேறெங்கும் இயற்கையில் இல்லை. இதில் ஆண் செடி வேறு, பெண் செடி வேறு. அடித்தளம் தோண்டும் எந்திரம் ஒரு சரிவில் ஆண் செடிகளை மட்டும் வாரிவிட்டால்கூட, எஞ்சிய பெண் செடிகள் விதையின்றி நின்று முடியும். வேறு மாவட்டத்தில் நடும் மரக்கன்று இதற்கு எப்படி ஈடாகும்? 2021 நவம்பர் மழையில் திருப்பதித் தெருக்களில் வெள்ளம் புகுந்ததைக் கண்டவர்களுக்கு, மலைச்சரிவை மூடும் பச்சையின் பயனைத் தனியே விளக்க வேண்டியதில்லை.

இறைவனின் அடியார்களுக்காகக் கட்டுவதைக் காட்டழிப்பு எனலாமா என்ற கேள்வி திருப்பதியில் எளிதில் எழும். 1980-ஆம் ஆண்டின் வனப் பாதுகாப்புச் சட்டம், வனநிலத்தை வனமல்லாத பணிக்குத் திருப்ப நடுவண் அரசின் முன் அனுமதி வேண்டும் என்கிறது. புனிதமான நோக்கத்துக்கு அது விலக்கு அளிக்கவில்லை. ஏழைகளின் குடிசைகளுக்கும் இதே கதியா என்ற கேள்வி இதைவிட நியாயமானது. அவர்களுக்குச் சட்டம் தனி வழி வைத்திருக்கிறது: 2005 டிசம்பர் 13-க்கு முன்பிருந்தே காட்டில் வாழ்ந்த பழங்குடியினரின் உரிமையை 2006-ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் ஏற்கிறது. யானாதிப் பழங்குடியினரின் குடிசையைக் கேடயமாகக் காட்டிச் சொகுசு விடுதியைக் காப்பாற்றுவது நேர்மையன்று.

எனவே, தடைக்குப் பின் எழுந்த கட்டுமானத்தைக் கட்டியவர் தம் செலவிலேயே அகற்றி, நிலத்தைப் பழைய நிலைக்குக் கொண்டுவந்த பிறகே அவருடைய மன்னிப்புக் கோரிக்கை செவிமடுக்கப்பட வேண்டும். மலையடிவாரத்தில் மனை தேடுவோரும், விற்பவர் நீட்டும் பத்திரத்தைப் பார்ப்பதற்கு முன், அந்தச் சர்வே எண் வன அறிவிக்கையில் இருக்கிறதா, அதன்மீது தடையாணை நிலுவையில் உள்ளதா என்று பார்க்கட்டும். காந்த் என்கிளேவில் வீடு இழந்தவர்களிடமும் பத்திரம் இருந்தது.