மருந்துக்கு விலாசம் எங்கே?

பெங்களூர் சிவாஜிநகரில் வைத்தியத்துக்குப் பஞ்சமில்லை. பௌரிங் ஆஸ்பத்திரி இருக்கிறது. அதைச் சுற்றி மருந்துக் கடைகளும் ரத்தப் பரிசோதனைக் கூடங்களும் இருக்கின்றன. ரஸ்ஸல் மார்க்கெட் பக்கம் விசாரித்தால் நாட்டு மருந்தும் கிடைக்கும், யுனானி வைத்தியரும் கிடைப்பார். தமிழும் உருதுவும் கன்னடமும் கலந்து புழங்கும் இந்தப் பேட்டையில் நோயாளிக்கு வழி சொல்ல ஆள் இல்லாமல் போவது அபூர்வம்.

ஒரு கேள்விக்கு மட்டும் பதில் கிசுகிசுப்பாகவே வருகிறது. "கஞ்சா எண்ணெய் வலிக்கு நல்லதாமே, எங்கே கிடைக்கும்?"

இதைக் கேட்பவர்கள் போதைக்கு அலைபவர்கள் அல்ல. புற்றுநோய் முற்றிய தாயைக் கவனிக்கும் மகள், வலிப்பு நிற்காத குழந்தையின் தகப்பன், முதுகெலும்பு வலியால் ஆறு மாதமாகத் தூங்காத ஆட்டோ டிரைவர் என்று இவர்கள் எல்லோரும் நம் அண்டை வீட்டுக்காரர்கள். பெரிய டாக்டரிடம் கேட்கக் கூச்சம். போலீஸ் பயம் வேறு. எனவே கைபேசியில் வரும் விளம்பரத்தையோ உறவினர் அனுப்பிய வீடியோவையோ நம்புகிறார்கள். அங்கே யார் டாக்டர், யார் வியாபாரி என்று தெரிவதில்லை.

இத்தனைக்கும் இந்த விஷயம் சட்டத்துக்கு முற்றிலும் புறம்பானது அல்ல. 1985-ஆம் வருடத்துப் போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தை எடுத்துப் பார்த்தால் 'மருத்துவக் கஞ்சா' என்ற சொல்லே அதன் விளக்கப் பகுதியில் இருக்கிறது. மருத்துவத்துக்கும் விஞ்ஞானத்துக்கும் உரிய அனுமதியோடு பயன்படுத்தலாம் என்றும் சட்டம் சொல்கிறது. அந்தச் சட்டத்தின்படி கஞ்சா என்பது செடியின் பூவும் காயும் உள்ள நுனி. அதன் பிசின் சரஸ். நுனி சேராத வெறும் இலையும் விதையும் அந்த விளக்கத்துக்கு வெளியே நிற்கின்றன. வடக்கே ஹோலிப் பண்டிகையில் பாங் ஓடுவது இந்த இடைவெளியில்தான்.

2022-இல் கர்நாடக உயர் நீதிமன்றம், பாங் வைத்திருந்ததாகக் கைதான ஒருவருக்கு ஜாமீன் கொடுத்தபோது இதையே சுட்டிக்காட்டியது. கஞ்சாவோ சரஸோ கலந்து செய்யப்பட்டது என்று காட்டினால் ஒழிய பாங் இந்தச் சட்டத்தின் கீழ் வராது என்றது. இதைக் கேட்டுவிட்டு எல்லாம் சரி என்று யாரும் கிளம்பிவிடக் கூடாது. அது ஒரு ஜாமீன் உத்தரவு. மாநிலங்களின் கலால் சட்டங்கள் தனி. வெளிநாட்டிலிருந்து எண்ணெய் தருவிப்பவருக்கோ, பூவைக் காய்ச்சி வீட்டிலேயே எண்ணெய் எடுப்பவருக்கோ இந்த உத்தரவு கவசமாகாது.

இலையை வைத்துத்தான் இன்றைய மருந்து வியாபாரம் நடக்கிறது. ஆயுர்வேதத்தில் இதற்கு விஜயா என்று பெயர். சித்த மருத்துவ நூல்களிலும் கஞ்சாவுக்கு இடம் உண்டு. மருந்துகள், அழகுசாதனப் பொருட்கள் சட்டத்தின் விதிகளில், நச்சுத் தன்மையுள்ள சரக்குகள் என்று ஒரு அட்டவணை இருக்கிறது. அதில் இதுவும் ஒன்று. அப்படிப்பட்ட சரக்கு சேர்ந்த மருந்தை உள்ளுக்குச் சாப்பிடக் கொடுத்தால், 'எச்சரிக்கை: மருத்துவ மேற்பார்வையில் உட்கொள்ளவும்' என்று லேபிளில் பளிச்சென்று போட வேண்டும். எந்த மொழியில்? ஆங்கிலத்திலும் இந்தியிலும். சிவாஜிநகர்த் தாய்மார்களில் எத்தனை பேருக்கு அந்த எச்சரிக்கை எச்சரிக்கையாகும் என்பது விதி எழுதியவர்களுக்கே வெளிச்சம்.

2020 பிப்ரவரியில், சிவாஜிநகரிலிருந்து சில கிலோமீட்டர் தள்ளி கோரமங்களாவில், நாட்டின் முதல் மருத்துவக் கஞ்சா கிளினிக் என்ற அறிவிப்புடன் ஒரு கிளினிக் திறக்கப்பட்டபோது பத்திரிகைகள் பெரிதாக எழுதின. பிறகு பல கம்பெனிகள் வந்துவிட்டன. வீடியோவில் ஒரு டாக்டரைப் பேசவைத்து, சீட்டு எழுதி, கூரியரில் மருந்தை அனுப்புகிறார்கள். இவர்களில் ஒழுங்காகத் தொழில் செய்பவர்கள் உண்டு. ஆனால் யார் ஒழுங்கு, யார் இல்லை என்று நோயாளி தெரிந்துகொள்ள, தமிழிலோ கன்னடத்திலோ அரசாங்கம் தெளிவாக எழுதிவைத்த ஒரு கையேட்டை நான் எங்கும் பார்த்ததில்லை.

மருந்து என்ற முறையில் இதற்கு நம் நாட்டில் பழைய சரித்திரம் உண்டு. 1839-இல் கல்கத்தாவில் வில்லியம் ஓ'ஷாக்னஸி என்ற ஐரிஷ் டாக்டர், இங்குள்ள வைத்தியர்களிடம் கேட்டறிந்து, மிருகங்களுக்குக் கொடுத்துப் பார்த்து, பிறகு நோயாளிகளுக்குக் கொடுத்து, எழுதிவைத்தார். மேல்நாட்டு வைத்தியத்தில் கஞ்சா பரவலாக நுழைந்தது அவர் வழியாகத்தான். அவர் கூட எல்லா வியாதியும் தீர்ந்தது என்று சொல்லவில்லை. தனுர்வாதத்தில் உடல் முறுக்கு தணிந்தது. வெறிநாய்க் கடியில் நோயாளி பிழைக்கவில்லை, கடைசி நேரத்து அவஸ்தை குறைந்தது என்று பிரித்துச் சொன்னார். இன்றைய விளம்பரக்காரர்களில் பலருக்கு அந்த நிதானம் இல்லை.

இன்று விஞ்ஞானம் ஒப்புக்கொள்வது என்ன? பட்டியல் சிறியது. செடியிலிருந்து பிரித்தெடுத்த கன்னாபிடயால் என்ற போதை தராத பொருளை, குழந்தைகளுக்கு வரும் இரண்டு அபூர்வமான வலிப்பு நோய்களுக்கு 2018-இல் அமெரிக்கா அங்கீகரித்தது. 2020-இல் இன்னொன்றையும் சேர்த்தது. புற்றுநோய் மருந்தால் வரும் குமட்டலுக்கும் வாந்திக்கும், வேறு மருந்து கேட்காதபோது, டிஎச்சி என்ற போதைப்பொருளின் செயற்கை வடிவங்கள் உதவுகின்றன. நரம்பு உறை தேயும் நோயில் தசை இறுகுவதற்கு ஒரு வாய் ஸ்பிரே பிரிட்டனில் 2010 முதல் இருக்கிறது. நாள்பட்ட வலியில் சிலருக்குக் கொஞ்சம் பலன் உண்டு, பலருக்கு இல்லை. புற்றுநோயைக் குணப்படுத்தும் என்பதற்கு மனிதர்களிடம் நிரூபணம் கிடையாது. ஆய்வுக்கூடத் தட்டில் செத்துப்போன செல்களைக் காட்டி நோயாளியிடம் பணம் வாங்குவது பாவம்.

கெடுதலும் உண்டு. மூலிகை என்பதால் சும்மா இருக்காது. குடும்பத்தில் மனநோய் இருந்தால் டிஎச்சி அதைத் தூண்டிவிடலாம். கன்னாபிடயால், வலிப்புக்குக் கொடுக்கும் வால்ப்ரோயேட்டோடு சேர்ந்தால் ஈரலைப் பாதிக்கலாம். குளோபசாம் மாத்திரையின் வேகத்தைக் கூட்டலாம். ரத்தம் உறையாமலிருக்க வார்ஃபரின் சாப்பிடுபவருக்கு ரத்தக்கசிவு வரலாம். கர்ப்பிணிகளுக்கு ஆகாது. வயதானவர் தலைசுற்றி விழுந்து இடுப்பை உடைத்துக்கொள்வார். இலையிலும் டிஎச்சி உண்டு. அதைச் சாறாக வடித்துச் செறிவாக்கும்போது அளவு ஏறும்.

ஆகவே போகிற இடத்தைப் பரிசோதிக்கும் வேலை நோயாளியின் வீட்டார் தலையில் விழுகிறது. செய்ய முடியாத காரியம் அல்ல. கர்நாடகத்தில் எந்தத் தனியார் கிளினிக்கும் 2007-ஆம் வருடத்துத் தனியார் மருத்துவ நிறுவனங்கள் சட்டத்தின் கீழ்ப் பதிவு செய்திருக்க வேண்டும். சான்றிதழ் சுவரில் தொங்க வேண்டும். இல்லையென்றால் கேளுங்கள். தமிழ்நாட்டிலும் இதே மாதிரிப் பதிவுச் சட்டம் இருக்கிறது. சீட்டு எழுதுபவரின் பெயரையும் பதிவு எண்ணையும் வாங்கிக்கொள்ளுங்கள். அலோபதி டாக்டர் என்றால் மெடிக்கல் கவுன்சிலில், ஆயுர்வேதம் அல்லது யுனானி என்றால் அதற்குரிய வாரியத்தில் அவர் பெயர் இருக்க வேண்டும். 'ஆலோசகர்', 'வெல்னஸ் நிபுணர்' என்ற பட்டங்கள் எந்தப் பதிவேட்டிலும் கிடையாது.

பாட்டிலைத் திருப்பிப் பாருங்கள். தயாரிப்பு லைசென்ஸ் எண், பேட்ச் எண், காலாவதித் தேதி, சரக்குகளின் அளவு, மேற்சொன்ன எச்சரிக்கை வாசகம், இவ்வளவும் இருக்க வேண்டும். ஒரு சொட்டில் எத்தனை மில்லிகிராம் டிஎச்சி என்று கேளுங்கள். அந்த பேட்சுக்கான ஆய்வுக்கூட அறிக்கையைக் கேளுங்கள். பதில் மழுப்பலாக வந்தால் எழுந்து வந்துவிடலாம்.

இன்னொரு ஏமாற்று இருக்கிறது. 2021-இல் உணவுப் பாதுகாப்பு ஆணையம் சணல்வகைக் கஞ்சாவின் விதையையும் விதை எண்ணெயையும் உணவாக அனுமதித்தது. விதை எண்ணெயில் டிஎச்சி கிலோவுக்கு 10 மில்லிகிராமுக்கு மேல் இருக்கக் கூடாது. அதாவது அது நல்லெண்ணெய் போல ஒரு சமையல் எண்ணெய். வலிக்கும் வலிப்புக்கும் அதில் ஒன்றுமில்லை. பதினான்கு இலக்க உணவு லைசென்ஸ் எண் மட்டும் இருந்தால் அது மருந்து அல்ல. அதைத்தான் சில இடங்களில் கஞ்சா இலைப் படம் போட்டு மருந்து விலைக்கு விற்கிறார்கள்.

எல்லாவற்றையும்விட எளிய பரீட்சை, அவர்கள் உங்களிடம் என்ன கேட்கிறார்கள் என்பது. இப்போது சாப்பிடும் மாத்திரைகள் என்னென்ன, ஈரல் பரிசோதனை ஆயிற்றா, வீட்டில் யாருக்காவது மனநோய் உண்டா, பார்க்கும் டாக்டருக்குத் தெரியுமா? இவற்றைக் கேட்காமல் "ரிசல்ட் கேரண்டி சார்" என்று சொல்லி, அனுப்ப விலாசத்தை மட்டும் கேட்பவர் கடைக்காரர். புற்றுநோய், நீரிழிவு, வலிப்பு ஆகியவற்றைக் குணப்படுத்துவதாக விளம்பரம் செய்வது 1954-ஆம் வருடத்துச் சட்டப்படியே குற்றம். அந்த விளம்பரத்தைப் பார்த்தவுடனேயே முடிவு தெரிந்துவிடுகிறது.

இந்தத் தேடலில் பலர் கண்ணில் படாமல் போகும் ஒரு மருந்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். கஞ்சா எண்ணெய்க்கு ஆயிரக்கணக்கில் செலவழிக்கும் குடும்பங்கள், புற்றுநோய் வலிக்கு உலகம் முழுவதும் ஒப்புக்கொண்ட, விலை குறைந்த மார்ஃபின் மாத்திரையைக் கேட்பதில்லை. 1985-இன் சட்டம் வந்த பிறகு நாட்டில் மார்ஃபின் உபயோகம் அதலபாதாளத்தில் விழுந்தது. லைசென்ஸ் மேல் லைசென்ஸ் கேட்டார்கள். ஆஸ்பத்திரிகள் வாங்குவதையே விட்டுவிட்டன. அபின் விளையும் நாட்டில் ஏழைகள் வலியில் துடித்துச் செத்தார்கள். கேரளத்து டாக்டர் எம்.ஆர். ராஜகோபால் போன்றவர்கள் வருடக்கணக்காகப் போராடியதன் பலனாக 2014-இல் சட்டம் திருத்தப்பட்டு மார்ஃபின் உள்ளிட்ட ஆறு மருந்துகளுக்கு லைசென்ஸ் முறை ஒன்றாக்கப்பட்டது. பெங்களூரிலேயே ஓசூர் ரோட்டில் கித்வாய் புற்றுநோய் ஆஸ்பத்திரி இருக்கிறது. முற்றிய நோயாளிகளை இலவசமாகப் பார்க்கும் கருணாஷ்ரயா 1999 முதல் இயங்குகிறது. குழந்தையின் வலிப்புக்கு நிமான்ஸ் இருக்கிறது. சிவாஜிநகரிலிருந்து பஸ்ஸிலேயே போய்விடலாம். முதல் கதவு இவைதான். அங்கே கேட்டு, அங்குள்ள டாக்டருக்குத் தெரிந்து, பிறகு விஜயாவை யோசிப்பதில் தவறில்லை.

மற்ற நாடுகளில் என்ன செய்கிறார்கள்? பிரிட்டன் 2018 நவம்பரில் அனுமதித்தபோது, சிறப்புப் பதிவேட்டில் உள்ள டாக்டர் மட்டுமே மருந்தைத் தொடங்கி எழுதலாம் என்று வரம்பு கட்டியது. இங்கிலாந்தில் தனியார் கிளினிக்குகளை ஆய்வு செய்யும் ஆணையத்தின் பட்டியலை யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். தாய்லாந்து 2022-இல் கதவை விரியத் திறந்தது. மருத்துவம் என்ற பெயரில் தெருவுக்குத் தெரு கடைகள் முளைத்தன. 2025 ஜூனில் சீட்டு இல்லாமல் விற்கக் கூடாது என்று திரும்பிவந்தது. ஐ.நா. போதைப்பொருள் ஆணையம் 2020 டிசம்பரில் கஞ்சாவை மிக ஆபத்தான பட்டியலிலிருந்து எடுத்தபோது, 27-க்கு 25 என்ற அந்த வாக்கெடுப்பில் இந்தியா ஆதரவாகவே கை தூக்கியது.

வியன்னாவில் கை தூக்கிய அரசாங்கம் சிவாஜிநகருக்கும் ஏதாவது செய்ய வேண்டும். பெரிய திட்டம் எதுவும் வேண்டாம். இந்தச் சரக்கை வைத்து மருந்து செய்ய லைசென்ஸ் பெற்ற கம்பெனிகள், அதை எழுதித்தரும் பதிவு பெற்ற கிளினிக்குகள் ஆகியவற்றின் பட்டியல் ஒன்று. எந்த நோய்க்கு நிரூபணம் உண்டு, எதற்கு இல்லை என்று கன்னடத்திலும் தமிழிலும் உருதுவிலும் ஒரு பக்கத் துண்டுப் பிரசுரம். இரண்டையும் பௌரிங் ஆஸ்பத்திரியின் புறநோயாளிப் பிரிவில் ஒட்டிவைக்கலாம். லேபிளில் உள்ள அந்த ஒரு வரி எச்சரிக்கையை மாநில மொழியிலும் போடச் சொல்லலாம். இவற்றுக்குப் புதிய சட்டம் தேவையில்லை, அச்சடிக்கும் செலவுதான். அதுவரை தாயின் வலிக்கு மருந்து தேடும் மகள், விளம்பரம் கொடுத்தவனிடமே விவரமும் கேட்க வேண்டியிருக்கிறது.