நகக்கண்ணும் ஒரு கண்ணே

"நகமும் சதையும் போல" என்று இணைபிரியாத நட்பைக் கூறுவது நம் மக்கள் வழக்கம். நம் வகுப்பறைகளிலும் அப்படிப்பட்ட தோழியர் பலர் உண்டு. ஒரே பெஞ்சில் அமர்வார்கள். ஒரே டிபன் டப்பாவில் உண்பார்கள். ஒருத்திக்குக் காய்ச்சல் என்றால் மற்றவளும் முகம் வாடி நிற்பாள். அந்த உவமைக்கு உரிய உண்மையான நகத்தையும் சதையையும் நாம் எப்படி நடத்துகிறோம்? திங்கட்கிழமை காலையில் ஊக்கு கொண்டும் காம்பஸ் முனை கொண்டும் குத்திப் பிரித்து வைக்கிறோம்! இதைப் பற்றிச் சில வார்த்தைகள் கூற விரும்பியே பத்தாம் வகுப்பு மாணவியராகிய நாங்கள் சிலர் சேர்ந்து இக்கட்டுரையை எழுதுகிறோம். அற்ப விஷயம் என்று எண்ணிப் பெரியோர்கள் பக்கத்தைப் புரட்டிவிடாமல் இருக்க வேண்டுகிறோம்.

திங்கட்கிழமை காலை வழிபாடு முடிந்ததும் நகப் பரிசோதனை நடப்பதை எல்லோரும் அறிவோம். மணி அடிப்பதற்குப் பத்து நிமிடம் முன்பு குழாயடி வேப்பமரத்தின் கீழ் வந்து பார்த்தால் ஒரு பெரிய தொழிற்சாலையே நடப்பது தெரியும். தாவணி ஊக்கைக் கழற்றி ஒருத்தி சுரண்டுவாள். ஜியோமிதிப் பெட்டியைத் திறந்து ஒருத்தி குடைவாள். துடைப்பக் குச்சி, தலை ஊசி, பென்சில் முனை எதுவும் தப்பாது. "இன்னும் கொஞ்சம் உள்ளே அழுக்கு இருக்கிறதடி" என்று பக்கத்தில் நிற்பவள் ஊக்கம் வேறு கொடுப்பாள். நகத்தின் அடி பளிச்சென்று வெண்மையாகும் வரை ஓயமாட்டோம். வெண்மையாக இருந்தால் "நல்ல பிள்ளை". இல்லாவிட்டால் வரிசையை விட்டு வெளியே.

நகப் பரிசோதனையே வேண்டாம் என்று நாங்கள் சொல்ல வரவில்லை. குடற்புழுக்களின் முட்டைகள் நகத்தடியில் ஒளிந்திருந்து, சோற்றோடு வயிற்றுக்குள் போகும் என்பதை அறிவியல் பாடத்தில் படித்திருக்கிறோம். 2015ஆம் ஆண்டு முதல் நம் நாட்டுப் பள்ளிகளில் குடற்புழு நீக்க நாள் என்று ஒன்று வைத்து, அல்பெண்டசோல் மாத்திரையைக் கடித்து விழுங்கச் சொல்வதும் இதனால்தான். நகத்தை ஒட்ட வெட்டு, கையைக் கழுவு என்று சகோதரியர் கூறுவது முழுக்க முழுக்க நம் நன்மைக்கே. எங்கள் கேள்வி ஒன்றுதான். சுத்தமும் வெண்மையும் ஒன்றா?

இதற்கு விடை காண நகத்தைக் கொஞ்சம் உற்றுப் பார்க்க வேண்டும். நகம் என்பது கெரட்டின் என்னும் பொருளால் ஆனது. நம் தலைமுடியும் மாட்டின் கொம்பும் குளம்பும் அதே இனம்தான். வெட்டினால் வலிக்காது. ஆனால் அதன் கீழே இருக்கும் சதையோ இரத்தக் குழாய்களும் நரம்புகளும் நிறைந்த மெல்லிய படுக்கை. அதனால்தான் நகம் இளஞ்சிவப்பாகத் தோன்றுகிறது. விரல் நுனியைத் தாண்டி வளர்ந்த பகுதிக்குக் கீழே சதை இல்லை. அதனால் அது வெள்ளையாகத் தெரிகிறது. இந்தச் சிவப்பும் வெள்ளையும் சந்திக்கும் கோட்டில், நகத்தின் அடிப்பக்கத்தோடு ஒட்டிக்கொண்டு, ஒரு மெல்லிய தோல் காவல் நிற்கிறது. தண்ணீரும் அழுக்கும் கிருமியும் உள்ளே போகாமல் தடுப்பதே அதன் வேலை. வாசற்படியில் மண்ணெண்ணெய் விளக்கோடு அமர்ந்திருக்கும் இரவுக் காவற்காரனைப் போல அது நம் விரல்களைக் காக்கிறது. நகத்தின் அடிப்பாகத்தில், பிறை போன்ற வெண்மைக்கு மேலே படிந்திருக்கும் தோலும் இப்படிப்பட்ட இன்னொரு காவலே.

ஊக்கு முனை அந்தக் காவலைத்தான் முதலில் குத்துகிறது. தோல் நகத்தைவிட்டுக் கொஞ்சம் பிரிகிறது. பிரிந்த இடத்தில் காற்று புகுகிறது. காற்று புகுந்த இடம் வெள்ளையாகத் தெரிகிறது. "ஆகா, சுத்தமாகிவிட்டது" என்று நாம் மகிழ்கிறோம். உண்மையில் அது சுத்தத்தின் நிறமன்று, காயத்தின் நிறம். அடுத்த வாரம் அந்தப் புதிய இடைவெளியில் இன்னும் அதிக அழுக்கு சேரும். அதை எடுக்க இன்னும் ஆழமாகக் குடைவோம். வெள்ளைக் கோடு இன்னும் மேலே ஏறும். இப்படிக் குடையக் குடைய அழுக்கு கூடுமே தவிரக் குறையாது. ஈரமும் கிருமியும் உள்ளே தங்கினால் நகம் மஞ்சளாகவோ பச்சையாகவோ நிறம் மாறுவதும் உண்டு. ஒரு முறை பிரிந்த நகம் மறுபடி சதையோடு ஒட்டிக்கொள்வதில்லை. அடியிலிருந்து புது நகம் ஒட்டியபடியே வளர்ந்து வரவேண்டும். விரல் நகம் மாதத்திற்குச் சுமார் 3 மில்லிமீட்டர்தான் வளரும். முழு நகமும் புதிதாக வர ஏறக்குறைய ஆறு மாதம் ஆகும். ஒரு நிமிடச் சுரண்டலுக்கு அரையாண்டுத் தண்டனை!

இது ஏட்டில் மட்டும் படித்த செய்தியன்று. சென்ற ஆண்டு எங்கள் வகுப்பிலேயே கண்டோம். தோழி ஒருத்தியின் அம்மா இறால் உரிக்கும் வேலைக்குப் போகிறவர். விடுமுறை நாட்களில் மகளும் வீட்டில் அம்மாவோடு உட்கார்ந்து மீன் கழுவுவாள், இறால் உரிப்பாள். இறாலின் கொம்பு குத்திய விரல்களோடு ஒரு திங்கட்கிழமை வரிசையில் நின்றாள். நகத்தோரம் கறுத்திருந்தது. வெளியே நிறுத்திவிடுவார்களே என்ற பயத்தில் காம்பஸ் முனையை எடுத்தாள். இடக்கை விரல்களை வலக்கையால் சுரண்டியாகிவிட்டது. வலக்கை விரல்களைப் பழக்கமில்லாத இடக்கையால் அல்லவா சுரண்ட வேண்டும்? முனை வழுக்கி ஆள்காட்டி விரலின் நகக்கண்ணில் ஏறிவிட்டது. இரத்தத்தைத் துடைத்துக்கொண்டு கையை நீட்டினாள். பரிசோதனையில் வெற்றி! இரண்டு நாளில் விரல் வீங்கிச் சீழ் கோத்தது. காலாண்டுத் தேர்வில் பேனாவைப் பிடிக்க முடியாமல் அவள் கண்ணீர் விட்டதை நாங்கள் மறக்கவில்லை. எலுமிச்சம்பழத்தை விரலில் செருகிப் பார்த்தார்கள், கேட்கவில்லை. கடைசியில் அரசு மருத்துவமனையில் கீறித்தான் குணமாயிற்று. "குத்தாமல் இருந்திருந்தால் இது வந்தே இராது" என்று அங்கே மருந்து கட்டிய அக்கா சொன்னாராம்.

அவள் கையில் இருந்தது என்ன? அம்மாவுக்கு உதவிய அடையாளம். வாழைப்பூ நறுக்கியவள் விரலில் கறை இருக்கும். மஞ்சள் அரைத்தவள் நகம் மஞ்சளாக இருக்கும். மருதாணி இட்ட நகம் வளர்ந்து வெட்டப்படும் வரை சிவந்தே இருக்கும். இவை எவையும் நோய் தருபவை அல்ல. கறைக்கும் அழுக்குக்கும் வேற்றுமை தெரியாத பரிசோதனை, வீட்டில் உழைக்கும் பிள்ளையைத்தான் அதிகம் தண்டிக்கும். இதை நாங்கள் பணிவோடும், ஆனால் உறுதியோடும் கூறுகிறோம்.

உலக வரலாறும் எங்கள் பக்கமே சாட்சி சொல்கிறது. 1847ஆம் ஆண்டு வியன்னா நகரின் பெரிய மருத்துவமனையில் பிரசவித்த தாய்மார் காய்ச்சலால் கூட்டம் கூட்டமாக இறந்துகொண்டிருந்தனர். செம்மல்வைஸ் என்னும் மருத்துவர், பிணப் பரிசோதனை செய்துவிட்டு வரும் மருத்துவர்கள் குளோரின் கலந்த சுண்ணாம்பு நீரில் கை கழுவிய பிறகே தாய்மாரைத் தொட வேண்டும் என்று விதித்தார். சாவு வெகுவாகக் குறைந்தது. கழுவியதுதான் உயிர்களைக் காத்தது, சுரண்டியதன்று. உலக சுகாதார நிறுவனம் மருத்துவப் பணியாளர்களுக்காக 2009ஆம் ஆண்டு வெளியிட்ட கை சுகாதார நெறிகளிலும், நகத்தின் நுனி அரை சென்டிமீட்டருக்குக் குறைவாக இருக்க வேண்டும் என்றே சொல்லப்பட்டிருக்கிறது. 2020இல் கொரோனா வந்தபோது நாமெல்லாம் கற்றதும் சோப்புப் போட்டு நன்றாகத் தேய்த்துக் கழுவுவதைத்தான்.

அப்படியானால் நகத்தடி அழுக்கை என்ன செய்வது என்று தோழியர் கேட்பீர்கள். வழி மிக எளிது. குளித்து முடித்ததும் நகம் தண்ணீரில் ஊறி மிருதுவாக இருக்கும். அப்போது வெட்டினால் பிளக்காது. கை நகத்தை விரல் நுனியின் வடிவத்தை ஒட்டியும், கால் நகத்தை நேராகவும் வெட்ட வேண்டும். கால் நகத்தின் ஓரங்களை வளைத்து ஆழமாக வெட்டினால் அது சதைக்குள் வளர்ந்து தொல்லை தரும். வெட்டும்போது சிறிதளவு வெள்ளையை விட்டுவிட வேண்டும். சதையோடு ஒட்ட வெட்டக்கூடாது. அழுக்கு இருந்தால் உள்ளங்கையில் சோப்பு நுரையை எடுத்து, மற்றக் கையின் விரல் நுனிகளை அதில் வட்டமாகத் தேய்த்தால் போதும். பிடிவாதமான அழுக்குக்குப் பழைய மென்மையான பல் துலக்கும் பிரஷ் ஒன்று உதவும். தோட்டத்தில் மண் கிளறப் போகுமுன் ஈரச் சோப்பில் நகங்களை ஒரு முறை கீறிக்கொண்டால், நகத்தடியில் சோப்பு அடைத்துக்கொண்டு மண்ணுக்கு இடம் தராது. பிறகு கழுவினால் இரண்டும் சேர்ந்து போய்விடும். நகத்தால் கிள்ள வேண்டியதற்குக் கோடரி எதற்கு என்பார்கள். நுரையால் போவதற்கு ஊக்கு எதற்கு?

கழுவிய கையை நன்றாகத் துடைக்க வேண்டும். படுக்கைக்குப் போகுமுன் இரண்டு சொட்டுத் தேங்காய் எண்ணெயை நகத்தைச் சுற்றித் தடவினால் தோல் வெடிக்காது. நகத்தோரம் பிரிந்து நிற்கும் தோலைப் பல்லால் கடித்து இழுக்காமல், நகவெட்டியால் வெட்டிவிட வேண்டும். கணக்குத் தேர்வு வந்தால் நகம் கடிக்கும் தோழியருக்கும் இது பொருந்தும்! வீக்கமோ சீழோ கண்டால் நாமே குத்தி எடுக்காமல் மருத்துவரிடம் காட்ட வேண்டும்.

பெற்றோர்களுக்கும் ஒரு வார்த்தை. பாத்திரம் துலக்கியும் துணி துவைத்தும் நம் அன்னையரின் நகங்கள் வெடித்திருப்பதை நாம் கவனித்ததே இல்லை. ஓயாமல் நனைவதும் காய்வதுமாக இருந்தால் நகம் பலம் இழந்து பிளந்துபோகும். அம்மாவின் கையைப் பற்றி அந்த இரண்டு சொட்டு எண்ணெயை அவர்களுக்கும் தடவுவோம். பாத்திரம் துலக்குவதில் பாதியை மகன்களும் ஏற்றுக்கொண்டால் எண்ணெய்ச் செலவும் குறையும்!

முடிவாக, மதிப்பிற்குரிய சகோதரியர் முன் எங்கள் மூன்று வேண்டுகோள்களை வைக்கிறோம். நகத்தின் வெண்மையைப் பார்க்காமல், அது குட்டையாக வெட்டப்பட்டிருக்கிறதா, கை கழுவப்பட்டிருக்கிறதா என்று மட்டும் பார்க்க வேண்டும். குழாயடியில் எப்போதும் ஒரு சோப்பு இருக்க வேண்டும். அழுக்குக் கையோடு வருகிறவளை வரிசைக்கு வெளியே நிறுத்துவதற்குப் பதிலாக, அந்தக் குழாயடிக்கு அனுப்பிவைக்க வேண்டும். சோப்பு வாங்கும் செலவை வகுப்புக்கு ஒரு மாதம் என்று எங்கள் சேமிப்பிலிருந்து தர நாங்கள் ஆயத்தமாக இருக்கிறோம்.

அன்புத் தோழியரே! சிறு வயதில் பறக்கும் கொக்கைப் பார்த்து நகங்களை உரசி, பூப் போடச் சொல்லிக் கேட்டோமே, நினைவிருக்கிறதா? நகத்தில் வெள்ளைப் பூ விழுந்தால் புதுப் பாவாடை கிடைக்கும் என்று நம்பினோம். அந்தப் புள்ளிகள் பெரும்பாலும் நகத்தின் வேரில் முன்பு எப்போதோ பட்ட சிறு அடியின் தழும்பு என்று இப்போது தெரிந்துகொண்டோம். அறியாத வயதில் அடியைப் பூ என்று எண்ணினோம். அறிந்த வயதிலும் காயத்தைச் சுத்தம் என்று எண்ணலாமா?

நகமும் சதையும் சேருமிடத்திற்கு நம் முன்னோர் "நகக்கண்" என்று பெயரிட்டார்கள். கண்ணில் தூசி விழுந்தால் நாம் ஊக்கைத் தேடுவதில்லை, தண்ணீரைத் தேடுகிறோம். நகக்கண்ணுக்கும் அதுவே போதும். வரும் திங்கட்கிழமை முதல் ஊக்கு தாவணியிலும் காம்பஸ் பெட்டியிலும் இருக்கட்டும். வேப்பமரத்தடியில் சோப்பு நுரை மட்டும் பொங்கட்டும்!

— பத்தாம் வகுப்பு மாணவியர் சிலர்