மாதத் தவணையை மட்டும் பார்த்தால் போதாது

ஆசிரியருக்கு,

பலெர்மோவில் வீடு வாங்க நினைக்கும் ஈழத்தமிழ்க் குடும்பங்கள் வங்கியில் முதலில் கேட்பது, ‘மாதம் எவ்வளவு?’ என்பதுதான். மொத்தம் எவ்வளவு என்று கேட்பவர் குறைவு.

1,00,000 யூரோவை 4 சதவீத நிலையான வட்டிக்கு 25 வருடத்தில் கட்டினால் மாதத் தவணை ஏறத்தாழ 528 யூரோ. முதல் தவணையிலேயே 333 யூரோ வட்டிக்குப் போய்விடும்! கடன் முடியும்போது வட்டி மட்டும் 58,000 யூரோவைத் தாண்டியிருக்கும். தவணைக்காலத்தை 20 வருடமாக்கினால் மாதம் 78 யூரோ கூடும். மொத்தத்தில் 12,900 யூரோ மிச்சம். நோட்டரி கட்டணம், வரி, காப்புறுதி எல்லாம் தனி.

இத்தாலியில் 2007இல் வந்த பெர்சானி சட்டத்துக்குப் பிறகு எடுத்த வீட்டுக்கடனை முன்கூட்டியே அடைத்தால் அபராதமில்லை. செலவின்றி வேறு வங்கிக்கும் மாற்றலாம். இவற்றை விளக்கித் தங்கள் இதழ் ஒரு தொடர் வெளியிட வேண்டும்.

வாசகர், பலெர்மோ